கிணற்றுத் தண்ணீர் ஆகாத செடிகள்

போன வருஷம் பெங்களூரில் மகள் வீட்டில் இருந்தபோது, காலை நடைக்குப் போகும் வழியில் ஒரு நாற்றுப் பண்ணையின் வாசலில் அந்தச் செடியைப் பார்த்தேன். கறுப்பு பிளாஸ்டிக் தொட்டியில் இடுப்பு உயரத்துக்கு நின்றது. உச்சியில் ஒரே ஒரு பூ. இரண்டு கைகளாலும் பொத்திப் பிடிக்கும் அளவுக்குப் பெரியது. வெளியே மரச் சீவல் போல விறைத்த இளஞ்சிவப்பு இதழ்கள், உள்ளே நரைத்த தலைமயிரைச் சேர்த்துக் கட்டியதுபோல நெருக்கமான இழைகள். நான் நின்றுவிட்டதைப் பார்த்துக் கடைக்காரர் வந்தார். "புரோட்டியா மேடம். சவுத் ஆப்பிரிக்கா வெரைட்டி" என்றார். ஐம்பது வருஷங்களுக்கு மேல் கழித்து அதன் பெயரை அன்றுதான் கேள்விப்பட்டேன். "எரு வச்சிடாதீங்க. போர் தண்ணி ஊத்துனா செத்துப்போகும், மழைத் தண்ணி பிடிச்சு வைங்க" என்றேன். அவர் ஆச்சரியமாகப் பார்த்தார். "நீங்க வளர்த்திருக்கீங்களா?" என்று கேட்டார். இல்லை, கொளுத்தியிருக்கிறேன் என்று சொல்ல வாய்வரை வந்தது. மகள் பக்கத்தில் நின்று விலை விசாரித்துக்கொண்டிருந்தாள். வேண்டாம் என்று அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு நடந்தேன்.

எங்கள் வீட்டில் அதற்கு நேட்டால் செடி என்று பெயர். என் மாமியார் கப்பலில் கொண்டு வந்த விதையிலிருந்து வந்தது. அவரை அத்தை என்று கூப்பிட்டுப் பழகியதால் இங்கேயும் அப்படியே எழுதுகிறேன். அத்தை சின்ன வயதில் கல்யாணமாகிப் புருஷனோடு தென்னாப்பிரிக்காவில் இருக்கிற நேட்டாலுக்குப் போனவர். மாமனாருக்கு அங்கே ரயில்பாதை போடும் கும்பலில் வேலை. அவர் நோயில் இறந்துபோனதும், எட்டு வயது மகனைக் கையில் பிடித்துக்கொண்டு அத்தை ஊர் திரும்பிவிட்டார். அண்ணன் ஒதுக்கிக் கொடுத்த மனையில், அரியலூரின் கடைக்கோடியில், ஓட்டு வீடு கட்டிக்கொண்டார். அந்த மகனைத்தான் நான் கட்டிக்கொண்டேன். அவர் ஸ்டேஷனில் பார்சல் கிளார்க்காக இருந்தார்.

கல்யாணம் யுத்தக் காலத்தில் நடந்தது. என் ஊரான வாலிகண்டபுரத்திலிருந்து பெரம்பலூர் வந்து, அங்கிருந்து, பெட்ரோல் கிடைக்காததால் பின்னால் கரியடுப்பு வைத்த பஸ்ஸில் புகையைத் தின்றுகொண்டு அரியலூருக்கு வந்து சேர்ந்தோம். ஆரத்தி எடுத்து வலது காலை உள்ளே வைத்தபோது நான் முதலில் பார்த்தது, கூடத்து விட்டத்திலிருந்து தலைகீழாகத் தொங்கிய ஏழு பூக்களை. கல்யாணத்துக்காகக் கட்டியது என்று நினைத்தேன். நான்காம் நாளும் அவை அப்படியே இருந்தன. பத்தாம் நாளும் வாடவில்லை. "எப்போ பறிச்சது அத்தை?" என்று கேட்டேன். "நாலு வருஷம் இருக்கும்" என்றார். நிறம் கொஞ்சம் மங்கியிருந்தது, அவ்வளவுதான். செத்த பூவுக்கும் உயிருள்ள பூவுக்கும் வித்தியாசம் தெரியாத ஒன்றை நான் அதுவரை பார்த்ததில்லை. அதற்குக் கீழே படுத்து உறங்க எனக்கு ஒரு மாதம் பிடித்தது.

செடிகள் கொல்லையில் இருந்தன. தார் பீப்பாய்களைக் குறுக்கே பாதியாக வெட்டிச் செய்த ஐந்து தொட்டிகள், மதிலை ஒட்டி வரிசையாக, கருங்கல் முட்டுகளின் மேல். மதிலுக்கும் தொட்டிகளுக்கும் நடுவே காற்றுப் போவதற்கென்று ஒரு ஆள் ஒருக்களித்து நுழையும் இடைவெளி விட்டிருந்தார். தரையில் ஏன் நடவில்லை என்று கேட்டேன். அத்தை குனிந்து ஒரு பிடி மண்ணை எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். சோறு சிந்தியதுபோல வெள்ளைத் துணுக்குகள். எங்கள் மனையே சுண்ணாம்புப் பாறைமேல் இருந்தது. கிணறு வெட்டியபோது கல்லாகிப்போன நத்தைகளும் சிப்பிகளும் கூடைகூடையாக வந்தனவாம், ஒருகாலத்தில் கடலாக இருந்த இடம் என்பார்கள். அந்தக் கிணற்றுத் தண்ணீரில் பருப்பு வேகாது. குடத்தின் உள்ளே வெள்ளையாக ஓடு கட்டும். அந்த மண்ணும் தண்ணீரும் நேட்டால் செடியின் வேரில் பட்டால் போதும், இலை மஞ்சளித்துச் செத்துவிடும்.

அதனால் தொட்டிக்கு மண் பச்சைமலை அடிவாரத்திலிருந்து வந்தது. வருஷத்துக்கு ஒருமுறை அத்தை பெரம்பலூர்ப் பக்கம் போய், சாக்கில் செம்மண்ணும் மக்கிய இலைச்சருகும் கட்டிக்கொண்டு வருவார். தொட்டியின் அடியில் ஓட்டைகள், அதன்மேல் உடைந்த பானை ஓடு, மேலே பாதிக்குப் பாதி ஆற்றுமணல். வேரைத் தொடக் கூடாது, களை முளைத்தால் பிடுங்கக் கூடாது, நுனியைக் கிள்ள வேண்டும். ஊற்றுவதற்கு மழைத் தண்ணீர் மட்டும். ஓட்டுத் தாழ்வாரத்தில் விழும் நீரை நான்கு பெரிய சால்களில் பிடித்து, துணியால் வாயைக் கட்டி, கோடை முழுவதும் மூன்று நாளைக்கு ஒருமுறை தொட்டிக்கு ஒரு படி என்று அளந்து ஊற்றுவார். எரு வைத்தால் செத்துப்போகிற செடி என்று எதிர்வீட்டு அக்காவிடம் சொன்னபோது அவர் முகத்தைச் சுளித்தார். "சாணித் தண்ணி ஆகாதுன்னா அது என்ன செடி? சோறு வேணாங்கறதுங்கள நாம எதுல சேக்கறோம், பேயிலதானே?" என்றார்.

இதெல்லாம் பழகிவிட்டது. பழகாதது ஒன்று இருந்தது. அத்தை நெருப்புப் பெட்டியைத் தொடமாட்டார். நான் வருகிற வரைக்கும் மகன்தான் அடுப்பு மூட்டினாராம். காலையில் நான் அடுப்படிக்குப் போனதும் அத்தை கொல்லைக்கு இறங்குவார். முதல் தொட்டிக்கும் மதிலுக்கும் நடுவே தலையை நீட்டிப் பார்ப்பார். பிறகு இரண்டாவது, மூன்றாவது. ஐந்தும் முடிந்ததும் அங்கிருந்தே குரல் கொடுப்பார்: "பாத்துட்டேன். பத்த வை." அதற்கு முன்னால் நான் குச்சியை உரசினால் ஓடி வந்து என் கையைப் பிடித்துக்கொள்வார். அந்தப் பிடியில் அவர் நகம் என் தோலில் பதியும். "பாம்பு ஏதாச்சும் வருதா அத்தை?" என்று கேட்டேன். "இல்ல. சும்மா" என்றார். அவர் பார்க்கிற அந்த நேரத்தில் என் கணவர் வீட்டில் இருக்கமாட்டார். பல்குச்சியோடு தெருப்பக்கம் போய்விடுவார். போகிப் பண்டிகையன்று தெருவில் பழைய பாயையும் முறத்தையும் எரிக்கும்போது, அத்தை அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு புகை அடங்கும்வரை வரமாட்டார். எரிகிற வீடு ஒன்றுக்குள் இருப்பதுபோல அந்தக் கதவுக்குப் பின்னாலிருந்து இருமல் மட்டும் கேட்கும்.

முதல் வருஷம் எனக்கு மூன்றாம் மாதத்தில் கரு கலைந்தது. அடுத்த வருஷம் நான்காம் மாதத்தில். இரண்டாவது தடவை நான் படுத்திருந்த அறையின் சன்னல் வழியே செடிகள் தெரிந்தன. அத்தை அவற்றின் முன்னால் நின்று மெல்லிய குரலில் பேசிக்கொண்டிருந்தார். தமிழ் இல்லை. எனக்குப் புரியாத ஒரு பாஷை, நடுநடுவே நாக்கைச் சொடுக்குவதுபோல ஒரு சத்தம். பேசிவிட்டு, பதில் வருவதற்காகக் காத்திருப்பவர் போலக் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு தலையை ஆட்டினார்.

எதிர்வீட்டு அக்கா கஞ்சி கொண்டு வந்தபோது, கொல்லைப் பக்கம் கண்ணைக் காட்டி, "இது இருக்கற வூட்டுல எது தங்கும்?" என்றார். என் அம்மா வாலிகண்டபுரத்திலிருந்து என்னைப் பார்க்க வந்தார். மூன்றாம் நாள் பஸ் ஏறும் முன், "ஒங்க மாமியா தன் புருஷன அங்க உட்டுட்டு வந்தாங்க. என்னத்தக் கூட்டிக்கிட்டு வந்தாங்கன்னு யாரு கண்டா. நீதான் ஒன் வவுத்தப் பாத்துக்கணும்" என்றார். எனக்கு அது போதுமானதாக இருந்தது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்த நாட்களில் செடிகளும் நன்றாக இல்லை. நான் வந்த பிறகு அவை பூக்கவே இல்லை. அடித்தண்டு மொட்டையாகி, இலையெல்லாம் உச்சியில் கொத்தாக ஒதுங்கி, நரைத்துப்போய் நின்றன. அத்தை நுனியைக் கிள்ளியும், மண்ணை மாற்றியும் பார்த்தார். ஒரு நாள் தனக்குத்தானே, "என்ன கேக்குதுன்னு தெரியுது. செய்யத்தான் முடியல" என்றார். நான் வாசற்படியில் உட்கார்ந்திருந்தேன். அது கேட்பது என் வயிற்றில் இருப்பதைத்தான் என்று நான் அப்போது உறுதியாக நம்பினேன்.

மூன்றாவது தடவை நாள் தள்ளிப்போய் இரண்டு மாதம் தாண்டியும் நான் யாரிடமும் சொல்லவில்லை. சித்திரை வெயில். அத்தை மண் எடுக்கப் பெரம்பலூர் பஸ்ஸுக்கு விடியற்காலை கிளம்பினார். "சாயங்கால பஸ்ஸுக்கு வந்துடறேன். படிக்கு மேல ஊத்திடாத" என்று சொல்லிவிட்டுப் போனார். கணவர் ஸ்டேஷனுக்குப் போனார். வெயில் ஏறியதும் நான் மாட்டுக்கொட்டகையிலிருந்து வைக்கோலைக் கட்டுக்கட்டாகக் கொண்டு வந்து ஐந்து தொட்டிகளின் மேலும் செடிகளைச் சுற்றிப் போட்டேன். எங்கேயும் தயங்கவில்லை. அதுதான் இன்றுவரை எனக்கு வியப்பு. யாரோ சொல்லிக்கொடுத்த வேலையைச் செய்வதுபோல இருந்தது. குச்சியை உரசினேன்.

வைக்கோல் சட்டென்று பிடித்தது. பிறகு இலைகள். தோல்போலத் தடித்த இலைகள் ஒவ்வொன்றும் சொடுக்குப் போட்டு எரிந்தன. அந்தச் சத்தத்தை நான் முன்பே கேட்டிருந்தேன், அத்தை செடிகளிடம் பேசும்போது. வெல்லம் காய்ச்சும்போது அடிப்பிடித்தால் வருகிற வாசனை கொல்லை முழுக்கப் பரவியது. ஒரு வெற்றிலை மென்று முடிக்கும் நேரத்துக்குள் எல்லாம் அடங்கிவிட்டது. ஐந்து தொட்டிகளிலும் முழங்கை நீளத்துக்குக் கறுத்த குச்சிகள் மட்டும் நின்றன. நான் கிணற்றடியில் தலைக்கு ஊற்றிக்கொண்டு, ஈரப் புடவையோடு வாசலில் போய் உட்கார்ந்தேன்.

சாயங்காலம் அத்தை தலையில் மண்சாக்கோடு தெருமுனையில் திரும்பியபோதே வாசனை அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். நடை நின்றது. பிறகு வேகமாக வந்தார். சாக்கைக் கூடத்திலேயே போட்டுவிட்டுக் கொல்லைக்குப் போனார். நான் பின்னால் போனேன். திட்டுவார், அடிப்பார், மகனிடம் சொல்லி என்னை ஊருக்கு அனுப்புவார் என்று எல்லாவற்றுக்கும் தயாராக இருந்தேன். அத்தை திரும்பி என்னைப் பார்த்தார். முகத்தில் ரத்தமே இல்லை.

"பாத்துட்டுத்தானே வச்சே?" என்று கேட்டார். "பின்னால யாரும் இல்லியே?"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. "யாரு அத்தை இருப்பா?" என்றேன்.

அவர் மண்டியிட்டார். தொட்டிகளுக்கும் மதிலுக்கும் நடுவே தவழ்ந்து போய், சூடு ஆறாத சாம்பலை இரண்டு கைகளாலும் துழாவினார். முதல் தொட்டியிலிருந்து ஐந்தாவதுவரை, ஒரு விரல்கடை இடம் விடாமல். வெளியே வந்தபோது முழங்கைவரை கரி. மூச்சு இரைத்தது. பிறகுதான் செடிகளைப் பார்த்தார். கறுத்த அடித்தண்டு ஒன்றைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்த்துவிட்டு, "நானே செய்யணும்னு மூணு வருஷமா இருந்தேன். எனக்குக் கை வரல" என்றார்.

அன்று மகன் வந்து கேட்டபோது, "செத்தை பத்திக்கிச்சு. வெயில்தானே" என்று அவரே சொன்னார். என் கணவர் கொல்லை வாசலில் நின்று எட்டிப் பார்த்தார். படி இறங்கவில்லை. சாப்பிடாமல் படுத்துக்கொண்டார்.

அதற்கடுத்த வாரங்களைத்தான் என்னால் மறக்க முடியவில்லை. அத்தை அந்தக் கரிக்கட்டைகளுக்குத் தவறாமல் தண்ணீர் ஊற்றினார். மூன்று நாளைக்கு ஒருமுறை, படி அளந்து. காலையில் அடுப்பு மூட்டும் முன் பின்னால் பார்ப்பதும் நிற்கவில்லை. "பாத்துட்டேன். பத்த வை." நான் குச்சியை உரசுவேன், வெல்ல வாசனை மறுபடி வந்ததுபோல இருக்கும். வயிற்றில் இருந்தது தங்கியது. நாள் ஆக ஆக அதுவே எனக்கு இன்னும் பயமாக இருந்தது. நான் நினைத்தது பலித்துவிட்டது என்றால், நினைத்தது உண்மைதான் என்று ஆகிறது.

ஆனி மாதம் கோடைமழை ஒன்று கொட்டித் தீர்த்தது. மறுநாளோ அதற்கு மறுநாளோ, துணி காயப்போடக் கொல்லைக்குப் போனேன். நடுத்தொட்டியில், எரிந்த தண்டின் அடியில், மண்ணுக்குள்ளிருந்து சிவப்பாக ஏதோ நீட்டிக்கொண்டிருந்தது. குனிந்து பார்த்தேன். பிறந்த குழந்தையின் விரல்கள் போல ஐந்தாறு தளிர்கள், மேலெல்லாம் மெல்லிய பூனைமயிர். ஒவ்வொரு தொட்டியாகப் பார்த்தேன். ஐந்திலும் இருந்தன. எரித்துச் சாம்பலாக்கிய ஐந்தும் பிழைத்துவிட்டன, முன்னைவிட நன்றாக. வைக்கோலைக் கொண்டு வந்தது நானா, அதுவாகவே என்னைக் கூப்பிட்டுச் செய்யச் சொன்னதா என்று தெரியவில்லை. உள்ளே ஓடிப்போய்ப் புடவைகளைப் பெட்டியில் அடுக்க ஆரம்பித்தேன். அத்தை வந்து வாசற்படியில் நின்றார்.

"எங்க புள்ள கெளம்புற?"

"அம்மா வூட்டுக்கு. நான் இங்க இருக்க மாட்டேன் அத்தை. எனக்குப் பயமா இருக்கு. அது என்னான்னு சொல்லுங்க. இல்லன்னா என்னை அனுப்பிடுங்க."

அத்தை கூடத்தில் ஒரு முறத்தில் நிலக்கடலையை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். உடைத்துக்கொண்டே சொன்னார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

"ரயில் வேலக்காரங்களுக்கு வரிசையா கட்டிக் குடுத்த லைன் வூட்டுக்குப் பின்னால மலைச்சரிவு. அங்கல்லாம் இந்தச் செடிதான், நம்மூரு ஆவாரஞ்செடி மாதிரி. தோட்டம் போட்டுக்கன்னு எங்களுக்கு ஒரு துண்டு எடம் குடுத்திருந்தாங்க. புல்லு ஆளுயரம் நின்னுச்சு. கையால அறுத்தா மாளாது. நெருப்பு வச்சா ஒரு நாழில சுத்தமாயிடும், எல்லாரும் அப்புடித்தான் செய்வாங்க. எனக்குப் பெரியவ ஒருத்தி இருந்தா. ஏழு வயசு. ஒன் புருஷனுக்கு அக்கா. ரெண்டு பேரும் வூட்டுல இருக்காங்கன்னுதான் நெனச்சேன். அவ மேல, அந்தச் செடிக்குப் பின்னால இருந்திருக்கா. காத்து மேல் பக்கமா அடிச்சுது."

ஒரு கடலை உடைகிற சத்தம். நான் கேட்கக் கூடாததைக் கேட்டேன். "நெருப்ப யாரு வச்சா அத்தை?"

"நான்தான் வச்சேன்" என்றார். "வேற யாரு வைப்பா."

அந்தச் சரிவில் அடுத்த மழைக்குக் கறுத்த கட்டைகளிலிருந்து இப்படித்தான் சிவப்பாகக் கிளம்பிற்றாம். அவள் கிடந்த இடத்தில்தான் முதலில் வந்ததாம். அந்த ஊர்ப் பெண்ணொருத்தி வந்து பக்கத்தில் உட்கார்ந்து, இது நெருப்புக்குச் சாகாது, அடியில் உயிர் இருக்கிறது, கொஞ்ச வருஷத்துக்கு ஒருதரம் நெருப்புப் பட்டால்தான் நன்றாக இருக்கும் என்று சொன்னாளாம். அவளிடம் பழகிய பாஷையில்தான் அத்தை செடிகளோடு பேசினார். ஊர் திரும்ப வேண்டி வந்தபோது அந்தச் செடியின் விதையை மடியில் முடிந்துகொண்டு கப்பல் ஏறினார். "அவள அங்க தனியா உட்டுட்டு வர மனசு வரல. வேற எத எடுத்துக்கிட்டு வரது, சொல்லு" என்றார். கடைசியில், "தம்பிக்கு அப்ப நாலு வயசு. ஒண்ணும் தெரியாது. அக்கா காய்ச்சல்ல போயிட்டான்னு சொல்லி வச்சிருக்கேன். நான் இருக்கறமுட்டும் நீயும் சொல்லாத" என்றார். மகனை அவர் எப்போதும் தம்பி என்றுதான் சொல்வார்.

சாயங்காலம் நான் புடவைகளை மறுபடி கொடியில் போட்டேன். ஊருக்குப் போகவில்லை. மறுநாள் காலை "பாத்துட்டேன்" என்ற குரல் வந்தபோது அடுப்பின் முன்னால் உட்கார்ந்து அழுதேன். பயம் போய்விட்டது என்று சொல்லமாட்டேன். அந்தச் சிவப்புத் தளிர்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு உடம்பு சிலிர்த்தது, காரணம் தெரிந்த பிறகு இன்னும் அதிகமாக. ஆனால் அவரைத் தனியாகப் பார்க்க விட மனம் வரவில்லை. சில நாட்களில் நானும் கூடப் போய், முதல் இரண்டு தொட்டிகளின் பின்னால் அவரும், மற்ற மூன்றின் பின்னால் நானும் பார்ப்போம்.

ஐப்பசி மழையில் எனக்குப் பெண் பிறந்தாள். இரண்டாவது வருஷம் செடிகள் பூத்தன, ஐந்தும் ஒன்றாக. தெருவே வந்து பார்த்தது. எதிர்வீட்டு அக்கா ஒரு பூவைக் கேட்டு வாங்கிப்போய்த் தன் வீட்டு விட்டத்தில் கட்டினார்.

குழந்தைக்கு இரண்டரை வயது இருக்கும். ஒரு நாள் உச்சி வெயிலில் அவளைக் காணவில்லை. தெருவில் இல்லை, கிணற்றில் எட்டிப் பார்த்தோம், மாட்டுக்கொட்டகையில் இல்லை. மதிலுக்கு அந்தப் பக்கம் யாரோ சருகைக் கூட்டிக் கொளுத்தியிருந்தார்கள். புகை மதில்மேல் ஏறி எங்கள் கொல்லைக்குள் இறங்கிக்கொண்டிருந்தது. அத்தை கொல்லையின் நடுவில் நின்றார். செடிகளை நோக்கி ஒரு அடிகூட வைக்கவில்லை. தினமும் பார்க்கிற இடம்தான், அன்று போகமுடியவில்லை. நான்தான் ஓடினேன். நான்காவது தொட்டியின் பின்னால், மதிலில் சாய்ந்து, கட்டைவிரலை வாயில் வைத்துக்கொண்டு குழந்தை தூங்கிக்கொண்டிருந்தாள். உதிர்ந்த இதழ் ஒன்று கன்னத்தில் ஒட்டியிருந்தது. தூக்கிக்கொண்டு வந்து அத்தையின் கையில் கொடுத்தேன். அவர் வாங்கவில்லை. குழந்தையின் பாதத்தை மட்டும் தொட்டுப் பார்த்தார், சூடாக இருக்கிறதா என்று பார்ப்பதுபோல.

மறுநாள் காலை, அத்தை கிணற்றில் வாளியை இறக்கினார். இழுத்த தண்ணீரைக் கொண்டுபோய் முதல் தொட்டியில் ஊற்றினார். நான் ஓடிப்போய்த் தடுத்தேன்.

"அத்தை, அது கெணத்துத் தண்ணி."

"தெரியும்" என்றார். "வுடு."

தினமும் ஊற்றினார். ஒரு மாதத்தில் இலைகளில் நரம்பு மட்டும் பச்சையாக நிற்க, நடுவெல்லாம் மஞ்சளாயிற்று. பிறகு ஓரம் கருகியது. அந்தச் செடி சாகும்போதும் நம் செடிகளைப்போல வாடித் தலை சாயாது. இலை உதிராமல், நின்றபடியே, எந்த நாளில் உயிர் போயிற்று என்று தெரியாமல் போகும். மூன்றாவது தொட்டியில் இருந்தது முதலில் போயிற்று. கடைசியாக முதல் தொட்டி. அத்தை அதன் தண்டை நகத்தால் கீறி, உள்ளே பச்சை இல்லை என்று பார்த்துக்கொண்டு, வாளியைக் கவிழ்த்து வைத்தார். ஏன் என்று நான் கேட்கவில்லை. "குழந்தை ஒளியற எடமா அது இருக்கக் கூடாது" என்று அவராகவே ஒருதரம் சொன்னார். அடுத்த வருஷம் மார்கழியில் நான்கு நாள் காய்ச்சலில் போய்விட்டார்.

காரியமெல்லாம் முடிந்து உறவுக்காரர்கள் கிளம்பிய பிறகு, ஒரு காலைநேரம், நான் என் கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். வைக்கோல் போட்டுக் கொளுத்தியது நான்தான் என்பதில் ஆரம்பித்து, அத்தை நிலக்கடலை உடைத்துக்கொண்டே சொன்னதுவரை. அவர் ஷர்ட் பொத்தான் போட்டுக்கொண்டிருந்தவர் அப்படியே பாதியில் உட்கார்ந்துவிட்டார்.

"அம்மாவா வச்சாங்க?" என்றார். "எனக்கு அது தெரியாது."

அக்கா காய்ச்சலில் போனதாகத்தானே அவருக்குச் சொல்லியிருந்தார்கள் என்றேன். அவர் காய்ச்சல் இல்லை என்று தலையை ஆட்டினார்.

"நானும் அவளும் ஒளிஞ்சு வெளையாடிக்கிட்டு இருந்தோம். நான்தான் கண்ண மூடிக்கணும். சின்னப் புள்ள, ஒளியற எடத்தயும் நானே சொல்லுவேன். அந்தச் செடிக்குப் பின்னால போயி ஒளிஞ்சுக்கன்னு சொன்னேன். எனக்கு எண்ண வராது, வாயில வந்தத எண்ணினேன். கண்ணத் தொறந்தப்ப தாகமா இருந்துது. வூட்டுக்கு வந்து தண்ணி குடிச்சேன். அப்புறம் மறந்துட்டேன். அவ நான் தேடி வருவேன்னு அங்கயே இருந்திருக்கா." போடாத பொத்தானைத் திருகியபடி, "தெனம் காலையில அம்மா பின்னால போயிப் பாக்கறப்பெல்லாம், என்னத்தான் கேக்கறாங்கன்னு நெனச்சிக்கிட்டு இருந்தேன்" என்றார்.

பிறகு, "அதச் சொல்றப்ப அம்மா அழுதாங்களா?" என்று கேட்டார். இல்லை என்றேன். அவர் மீதிப் பொத்தான்களைப் போட்டுக்கொண்டு வேலைக்குப் போனார். அந்தப் பேச்சை அவர் இறக்கும்வரை நாங்கள் மறுபடி எடுக்கவில்லை.

என் மகளுக்கு இப்போது ஐம்பது தாண்டிவிட்டது. அவளிடம் இதையெல்லாம் நான் சொன்னதில்லை. பெங்களூரில் பேரப்பிள்ளைகள் சோபாவுக்குப் பின்னால் ஒளிந்து விளையாடும்போது, அவள் அப்பாவைப் பற்றிச் சொல்லிச் சிரிப்பாள். அப்பாவுக்கு எல்லாம் தெரியும், இந்த ஒரு விளையாட்டு மட்டும் கடைசிவரை வரவேயில்லை என்பாள். எத்தனை தடவை சொன்னாலும் அவர் கண்ணை மூடிக்கொள்ளவே மாட்டாராம். எண்ணவும் மாட்டாராம். அவள் ஓடி ஒளிகிற இடத்துக்குக் கூடவே பின்னால் வந்து நிற்பாராம். குழந்தைகள் விழுந்து விழுந்து சிரிக்கும். நானும் சிரிப்பேன்.